இரண்டாவது திறப்பு

யோசேப்பின் வானுக்கு இரண்டு திறப்புகள், ஒன்றுபோல வெட்டிய இரண்டு சாவிகள், இருந்தன. ஒன்று அவருடைய வீட்டு வாசலில், சப்பாத்துத் தட்டுக்கு மேலே அடித்த கொளுக்கியில். மற்றது நாலு வீடு தள்ளி, தவராஜாவின் வீட்டில். டென்மார்க்கின் சில்க்போர்க்கில் அவர்களுக்குத் தெரிந்த தமிழ்க் குடும்பங்களுக்குள் ஏழு பேர் ஏறக்கூடிய வாகனம் அது ஒன்றுதான். மாதத்துக்கு ஒருமுறை நடக்கும் தமிழ்ப் பூசைக்கு, செத்தவீட்டுக்கு, விமான நிலையத்துக்கு, பழைய சோபா ஏற்றுவதற்கு என்று யாருக்காவது அது தேவைப்பட்டது. தேவைப்பட்டவர்கள் தவராஜாவிடம் திறப்பை வாங்கி எடுத்துக்கொண்டு போவார்கள், டீசல் அடித்துக் கொண்டுவந்து விடுவார்கள். தொடக்கத்தில் யோசேப்பிடம் கேட்டுவிட்டு எடுக்கும் வழக்கம் இருந்தது. அவர்தான் அதை நிறுத்தினார்.

"கேட்டுக்கொண்டு நிக்காதேங்கோ. வான் நிண்டால் எடுங்கோ."

ஆகையால் 2009ஆம் ஆண்டு மே பதினாறாம் திகதி, சனிக்கிழமை காலை, தன் வான் புறப்பட்டுப் போகும் சத்தம் வீட்டுக்குள் கேட்டபோது யோசேப் எழும்பவில்லை. காதுக்குப் பழகிய சத்தம் அது. தொலைக்காட்சியில் வன்னிக் கடற்கரையின் புகையை மறுபடி மறுபடி காட்டிக்கொண்டிருந்தார்கள். அதைப் பார்த்தபடியே இருந்தார். சத்தம் தெருமுனையில் தேய்ந்து போன பிறகுதான் துள்ளி எழும்பினார்.

வானின் பின்பக்கத்தில், பச்சைப் பைக்குள், அவருடைய றைபிள் கிடந்தது.

டென்மார்க்கில் மே பதினாறு வேட்டைக்காரர்களின் நாள். ஆண் மான் சுடும் பருவம் அன்று விடியலில் தொடங்குகிறது. இறைச்சித் தொழிற்சாலையில் யோசேப்போடு ஒரே மேசையில் எலும்பெடுக்கும் மோன்ஸ் என்ற டெனிஷ்காரர்தான் அவரை இதற்குள் இழுத்தவர். வகுப்பு, எழுத்துச் சோதனை, சுடும் சோதனை, கடைசியில் பொலிசின் அனுமதி. எல்லாம் முடிய இரண்டு வருடம் எடுத்தது. சட்டம் நீளமானது. மோன்ஸ் அதைச் சுருக்கி வைத்திருந்தார்: வாகனத்தில் துவக்கு இருந்தால் அதற்குள் குண்டு இருக்கக்கூடாது, அது பைக்குள் இருக்க வேண்டும், நீ அதற்குப் பக்கத்தில் இருக்க வேண்டும். வேட்டைக்குப் போகலாம், நேராக வீட்டுக்கு வரலாம், இரும்பு அலுமாரிக்குள் வைத்துப் பூட்டலாம். இவற்றுக்கு நடுவில் துவக்குக்கு இடமில்லை.

யோசேப்புக்குத் துவக்கு அனுமதி கிடைத்ததை அவருடைய ஆட்கள் நல்லபடியாக எடுக்கவில்லை. முந்தின வருடம் கத்திச் சட்டத்தை இறுக்கியிருந்தார்கள். கார்க் கதவுப் பையில் மறந்துபோய்க் கிடந்த கத்திக்கும் மறியலுக்கு, சிறைக்கே, போகவேண்டி வரும் என்று பூசை முடிந்து தேத்தண்ணி குடிக்கும் இடமெல்லாம் கதை. ஆடு வெட்டப் பண்ணைக்குப் போகிறவர்கள் கத்தியைத் துவாயில் சுற்றி, பண்ணைக்காரனுடைய போன் நம்பரையும் எழுதி வைத்துக்கொண்டு போனார்கள். அப்படியான காலத்தில் ஒரு தமிழனுக்குப் பொலிஸ் துவக்குக் கொடுத்திருக்கிறது.

"எனக்குக் கறிக்கத்தி கொண்டுபோகப் பயமாக் கிடக்கு, இவருக்கு றைபிள் குடுத்திருக்கிறாங்கள்," என்று குருசுமுத்தர் எல்லாருக்கும் கேட்கச் சொல்லுவார். "சும்மா குடுப்பாங்களோ? எங்கட கதையெல்லாம் அங்க போகுது போல." குருசுமுத்தர் எழுபதைத் தாண்டிய, முழங்கால் மடங்காத மனிதர். அவர் வாயை அடைக்க ஒவ்வொரு முறையும் முன்னுக்கு வந்தவர் தவராஜாதான்.

"பேசாம இருங்கோ அப்பு. யோசேப்பண்ணை மான் சுடுறார், நீங்கள் இறைச்சி தின்னுறியள். அவ்வளவுதான் கதை."

அன்று வேட்டைக்குப் போவதை யோசேப் யாருக்கும் சொல்லவில்லை. மனைவி விமலராணிக்கு மட்டும் தெரியும். விடியும் முன் அவர் சப்பாத்துக் கட்டும்போது அவள் வாசலில் வந்து நின்றாள்.

"அங்க சனம் செத்துக்கொண்டிருக்குது. நீங்கள் மான் சுடப் போறியள்."

"ஒரு மணித்தியாலம் ஒண்டையும் கேக்காம இருந்திட்டு வாறன் விமலா."

அவள் திரும்பி உள்ளே போனாள். யோசேப் ஒரு மான் சுட்டார். குடலெடுக்கும்போது ஜக்கெற் கையில் இரத்தம் பட்டது. மானை மோன்ஸ் தன்னுடைய கொட்டிலில் தொங்கவிடக் கொண்டு போனார். யோசேப் நேராக வீட்டுக்கு வந்தார். வானை நிறுத்திப் பூட்டினார். கையைக் கழுவிவிட்டு வந்து துவக்கை எடுக்கலாம் என்று நினைத்தார். வாசலுக்குள் வந்து ஜக்கெற்றைக் கழற்றும்போது முன்னறையில் விமலராணி தொலைக்காட்சிக்கு முன்னால் நின்று அழுதுகொண்டிருந்தாள். யோசேப் அவளுக்குப் பக்கத்தில் போய் நின்றார். பிறகு அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு போக, அவர் இருந்தார். இருந்ததுதான் பிழை.

இப்போது அவர் தெருவில், காலுறையோடு நின்றார். வான் நின்ற இடத்தில் எண்ணெய்க் கறை மட்டும் தெரிந்தது. தவராஜாவின் வீட்டுக்கு முன்னால் அவருடைய சொந்த ஓப்பல் கார் நின்றது. நல்லாக ஓடுகிற கார்.

அன்று கோபன்ஹேகனில் பாராளுமன்றத்துக்கு முன்னால் தமிழர் கூடுகிறார்கள். தவராஜா போவார் என்பது தெரிந்ததுதான். சொந்தக் கார் நிற்க வானை எதற்கு எடுத்தார்? மணியடிக்காமல், கதவில் தட்டாமல், ஒரு குரல் கொடுக்காமல் எதற்கு எடுத்தார்? கேட்காமல் எடுக்கச் சொன்னது தான்தான் என்பது யோசேப்புக்கு அந்த நேரம் நினைவுக்கு வரவில்லை. வந்தது வேறொன்று.

இரண்டு கிழமைக்கு முந்தி தவராஜா வீட்டுக்கு வந்திருந்தார். அவருடைய தம்பி அந்தக் கடற்கரையில் அகப்பட்டிருந்தார். கடைசியாக யாரோ வைத்திருந்த செய்மதித் தொலைபேசியில் ஒரு நிமிடம் பேசியதுதான். அதற்குப் பிறகு தவராஜா போனைக் கையை விட்டு வைப்பதில்லை. அன்று அவர் திடீரென்று கேட்டார்:

"உங்கட துவக்கு எவ்வளவு தூரத்துக்குச் சுடும் அண்ணை?"

"ஏன்?"

"சும்மா. இவ்வளவு நாளாக் கத்துறம், ஒருத்தனும் திரும்பிப் பாக்கிறானில்லை. சத்தம் கேட்டாத்தான் திரும்புவாங்கள் போல."

அன்று அதை ஒரு மனிதனின் ஆற்றாமை என்று யோசேப் எடுத்துக்கொண்டார். இப்போது அதே சொற்கள் வேறு மாதிரிக் கேட்டன.

அவர் தவராஜாவை நினைத்துப் பயந்தார். தவராஜாவுக்காகவும் பயந்தார். தவராஜா டெனிஷ் சோதனையில் மூன்றாம் முறைதான் பாஸ் பண்ணினவர். குடியுரிமை விண்ணப்பம் உள்ளே கிடந்தது. வேறொருவரின் றைபிளோடு ஊர்வலத்துக்குப் போகும் வழியில் பிடிபட்டால் குடியுரிமையை மறந்துவிட வேண்டியதுதான். மறியலும் வரும். புலி என்று பெயரும் எழுதப்படும். தெரியாமல் கொண்டு போனார் என்று யார் நம்புவார்கள்? தானே நம்பவில்லையே.

உள்ளே வந்து தவராஜாவுக்குப் போன் எடுத்தார். மணி அடித்தது, ஒருவரும் எடுக்கவில்லை. மறுபடி எடுத்தார். பிறகு குருசுமுத்தருக்கு எடுத்தார். அவர் உடனே எடுத்தார். பின்னால் வானின் இரைச்சலும் நாலைந்து பேரின் கதையும் கேட்டன.

"ஆர், யோசேப்போ? சொல்லு."

"நீங்கள் வானுக்கையோ அண்ணை?"

"ஓம், முன் சீற்றில. கால நீட்டிக்கொண்டு இருக்கிறன், ராசா மாதிரி. ஹொல்ஸ்டெப்ரோவில இருந்து வந்த பெடியளும் மூண்டு பேர் ஏறியிருக்கிறாங்கள்."

"தவராஜாட்டக் குடுங்கோ."

"அவன் வான் ஓடுறான். தம்பியாற்ற கோல் வருமெண்டு போனை மடியில வைச்சிருக்கிறான், வேற ஒருத்தற்ற கோலும் எடுக்கமாட்டான். என்ன விசயம்?"

யோசேப் வாயைத் திறந்தார். தமிழருடைய போன்களையெல்லாம் ஆரோ கேட்டுக்கொண்டிருக்கிறார்கள் என்று அந்த மாதம் முழுக்க எல்லாரும் சொன்னார்கள். அது உண்மையா என்று யாருக்கும் தெரியாது. ஆனால் 'துவக்கு' என்ற சொல்லைப் போனில் சொல்ல யோசேப்பால் முடியவில்லை. அதுவும் குருசுமுத்தருக்கு.

"வானைத் திருப்பிக்கொண்டு வரச் சொல்லுங்கோ."

"என்னத்துக்கு?"

"எனக்குத் தேவை."

"ஏன், இண்டைக்கும் மான் சுடப் போறியோ?" குருசுமுத்தர் சிரித்தார். வானுக்குள்ளும் யாரோ சிரித்தார்கள். இவர்களுக்குத் தெரியுமா? தெரிந்துதான் சிரிக்கிறார்களா?

"அண்ணை, ஒருக்கா அவனை ஓரமா நிப்பாட்டச் சொல்லுங்கோ. பின்னுக்கு ஒருத்தரும் திறக்கவேண்டாம்."

"பின்னுக்கு என்ன கிடக்கு?"

யோசேப் போனை மற்றக் காதுக்கு மாற்றினார்.

"யோசேப், எங்களுக்குத் தெரியாம வானுக்க என்ன வைச்சிருக்கிறாய்?" குருசுமுத்தரின் குரலில் சிரிப்பு இல்லாமல் போயிருந்தது. "நாங்கள் போற இடம் தெரியும்தானே உனக்கு?"

"ஒண்டுமில்லை."

"ஒண்டுமில்லையெண்டால் போனை வை." வெட்டிவிட்டார்.

படியில் மகள் அஜந்தினி நின்றுகொண்டிருந்தாள். பத்தொன்பது வயது. தகப்பன் தமிழில் கேட்பதற்கு டெனிஷில் பதில் சொல்லுகிறவள். யோசேப் அவளுக்கு எல்லாவற்றையும் சொன்னார்.

"பொலிசுக்கு எடுங்கள் அப்பா," என்றாள் டெனிஷில்.

"விசரே உனக்கு? பொலிசுக்குச் சொன்னால் அவன்ர வாழ்க்கை முடிஞ்சுது."

"நீங்கள் முதலில் சொன்னால் அவருக்குத் தெரியாது என்று சொல்லலாம். அவர்கள் கண்டுபிடித்த பிறகு சொன்னால் யார் நம்புவது?"

அது சரி. ஆனால் பொலிசுக்கு எடுத்தவர் யோசேப் என்று நாளைக்குத் தெரியவரும். குருசுமுத்தர் இவ்வளவு நாளாகச் சொல்லிவந்ததற்கு அத்தாட்சி கிடைக்கும். யோசேப் முன்னறைக்கும் வாசலுக்கும் நடந்தார். பிறகு ஒரு விசயம் நினைவு வந்து நின்றார்.

போல்ட். றைபிளில் குண்டை ஏற்றிப் பூட்டுகிற இரும்புத் துண்டு. வாகனத்தில் ஏறும் முன் அதைத் தனியாக எடுத்து ஜக்கெற்றின் உள்பையில் போடுவது மோன்சின் பழக்கம். யோசேப்பும் அப்படியே செய்வார். அது இல்லாத றைபிள் வெறும் குழாய். அது வீட்டில் இருந்தால் தவராஜாவால் ஒன்றும் செய்ய முடியாது. பயப்படத் தேவையில்லை. வான் திரும்பும்வரை பொறுத்திருக்கலாம்.

வாசலுக்குப் போனார். ஜக்கெற் மாட்டும் இடம் வெறுமையாக இருந்தது. கீழே தேடினார், சப்பாத்துத் தட்டுக்குப் பின்னால் தேடினார். ஜக்கெற் இல்லை, போல்டும் இல்லை.

வாசல் கதவை உள்ளே வரும்போது பூட்டினாரா என்று அவருக்கு ஞாபகமில்லை. கதவுக்கும் ஜக்கெற் கொளுக்கிக்கும் இடையில் ஒரு எட்டுத் தூரம்தான்.

"எடு," என்றார் மகளிடம். "பொலிசுக்கு எடு."

அஜந்தினிதான் பேசினாள். வானின் இலக்கம், யாருடைய துவக்கு, வான் எப்படிக் கைமாறியது, ஓட்டுகிறவருக்கு ஒன்றும் தெரியாது. அவள் தெளிவாகச் சொன்னாள். பிறகு கேட்டுக்கொண்டிருந்தாள். கையால் போனைப் பொத்திக்கொண்டு தகப்பனைப் பார்த்தாள்.

"அந்தத் துவக்கால் இப்போது சுட முடியுமா என்று கேட்கிறார்கள்."

யோசேப் அந்த வெறும் கொளுக்கியைப் பார்த்தார்.

"தெரியாது எண்டு சொல்லு."

"ஓட்டுகிறவர் அண்மையில் மன உளைச்சலில் இருந்தாரா என்றும் கேட்கிறார்கள்."

யோசேப் நெடுநேரம் பேசாமல் நின்றார். அந்தப் பேசாமையையும் மறுமுனையில் யாரோ குறித்துக்கொண்டிருக்கக்கூடும்.

"அவன்ர தம்பி அங்க நிக்கிறான் எண்டு சொல்லு," என்றார்.

சற்று நேரத்தில் விமலராணி, எல்லாருக்கும் பொதுவான உடுப்புத் தோய்க்கும் நிலவறையிலிருந்து வெறும் கூடையோடு ஏறி வந்தாள். இருவரும் நிற்கிற நிலையைக் கண்டு வாசலிலேயே நின்றுவிட்டாள்.

"என்ன? தம்பியாரோ? செய்தி வந்திட்டுதோ?"

"என்ர ஜக்கெற்றைக் கண்டனியோ?"

"தோய்க்கப் போட்டிட்டன். இரத்தத்தோட வீட்டுக்க தொங்கவிடுறதோ, இண்டைக்கு?"

"உள்பையில ஒரு இரும்பு..."

"அதுவோ? மெசின் உடைஞ்சு போமெண்டு எடுத்துக் கரண்டி லாச்சிக்க வைச்சனான்."

யோசேப் குசினிக்குள் போய் லாச்சியை இழுத்தார். முள்ளுக்கரண்டிகளுக்கு நடுவில் போல்ட் கிடந்தது. எண்ணெய் பளபளத்தது.

"வானைத் தவராஜா எடுத்துக்கொண்டு போட்டான்," என்றார், திரும்பாமல். "துவக்கு அதுக்க."

விமலராணி கூடையைக் கீழே வைத்தாள். "ஐயோ. நான்தான் எடுக்கச் சொன்னனான். அவர் காலமை போன் எடுத்தவர். குருசுமுத்தருக்கு ஓப்பலுக்க கால் மடக்க ஏலாது, ஹொல்ஸ்டெப்ரோ ஆக்களும் வருகினம், வான் நிக்குமோ எண்டு கேட்டவர். எட்டு மணிக்கு நிக்கும் எண்டனான். நீங்கள் வந்தால் துவக்கை இறக்கிப்போடுவியள்தானே எண்டு நினைச்சன்."

"அப்ப ஏன் மணியடிக்கேல்ல?"

"நீங்கள் இரவு வேலை முடிஞ்சு படுக்கிறியள் எண்டு சொன்னனான். வேட்டைக்குப் போட்டார் எண்டு எப்பிடிச் சொல்லுறது, இண்டைக்கு? எழுப்பக்கூடாது எண்டுதான் சத்தம் போடாம எடுத்திருக்கிறார்."

அஜந்தினி மறுபடி பொலிசுக்கு எடுத்தாள். போல்ட் வீட்டில்தான் இருக்கிறது என்று சொன்னாள். நன்றி என்றார்கள். அந்தத் தகவலை அனுப்பிவைக்கிறோம் என்றார்கள்.

நடந்ததை வானில் இருந்தவர்கள் பிறகு சொன்னார்கள். கோபன்ஹேகன் பக்கம் போகிற கடற்பாலத்துக்கு முன்னால், பியூன் தீவில், தமிழர்கள் வழக்கமாக நிறுத்தி றோல்ஸ் சாப்பிடும் தரிப்பிடத்துக்குள் வான் திரும்பியது. பின்னால் வந்த இரண்டு சாதாரணக் கார்களும் திரும்பின. அவற்றிலிருந்து கவச உடுப்போடு பொலிஸ் இறங்கியது. கையைத் தூக்கி இறங்கச் சொன்னார்கள். நிலத்தில் குப்புறப் படுக்கச் சொன்னார்கள். குருசுமுத்தரால் முழங்காலை மடக்க முடியவில்லை. அவரை வானில் சாய்த்து நிறுத்திக் கையைக் கட்டினார்கள். கோபன்ஹேகனுக்குப் பக்கத்து டோஸ்ட்ருப்பில் இருக்கும் உறவினர்களுக்கென்று கட்டிய சாப்பாட்டுப் பெட்டிகளுக்குக் கீழிருந்து பச்சைப் பையை எடுத்தபோது, அதைத் தவராஜா வாழ்க்கையில் முதன்முறையாகப் பார்க்கிறவர் போலப் பார்த்தார் என்று ஹொல்ஸ்டெப்ரோ இளைஞர்கள் சொன்னார்கள். போலவா, உண்மையாகவேயா என்பதில் அவர்களுக்குள்ளும் இரண்டு கருத்து இருந்தது.

போல்ட் பற்றிய தகவல் வந்து சேர்ந்தது. பிற்பகல் எல்லாரையும் விட்டார்கள். தவராஜாமேல் குற்றம் பதியவில்லை. வழக்கு யோசேப்புக்கு மட்டும்தான்: துவக்கைக் காவலில்லாமல் வாகனத்தில் விட்டது. அதிலிருந்து தண்டமும் வந்தது, அனுமதியும் போனது. அதெல்லாம் பிறகு.

அன்று பின்னேரம், வெயில் இன்னும் சுவரில் இருக்கும்போது, தவராஜா வந்தார். வான் பொலிசிடம் நின்றது. ஹொல்ஸ்டெப்ரோக்காரர் ஒருவரின் கார் அவரைத் தெருமுனையில் இறக்கிவிட்டிருந்தது. கதவைத் திறந்த யோசேப் விலகி வழிவிட்டார். தவராஜா சப்பாத்தைக் கழற்றவில்லை. அவருடைய சேட்டின் முன்பக்கம் தார்மண் ஒட்டியிருந்தது.

"உள்ளுக்கு வா தவம்."

"இல்லை அண்ணை. ஒண்டு கேட்டிட்டுப் போறன்."

விமலராணி குசினி வாசலில் வந்து நின்றாள். "தேத்தண்ணி போடுறன் இருங்கோ."

"வேண்டாம் அக்கா." அவர் யோசேப்பை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "பொலிசில மொழிபெயர்ப்பாளர் வைச்சு வாசிச்சுக் காட்டினவங்கள். இதால சுடலாமோ எண்டு கேட்டவங்களாம். நீங்கள் தெரியாது எண்டு சொன்னீங்களாம்."

"போல்டைக் காணேல்ல."

"காணேல்லையெண்டால்? நான் உங்கட வீட்டுக்க வந்து எடுத்தனானோ?"

இல்லை என்று சொல்ல வழி இருந்தது. அவசரத்தில் வாயில் வந்தது, மகள் பிழையாகச் சொல்லிவிட்டாள், ஏதாவது. அஜந்தினி படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஓம்," என்றார் யோசேப். "அப்பிடித்தான் நினைச்சன். அண்டைக்கு எவ்வளவு தூரம் சுடும் எண்டு கேட்டனீ."

தவராஜா தலையசைத்தார். கோபம் வந்ததாகத் தெரியவில்லை. களைத்துப்போனவராகத் தெரிந்தார்.

"கேட்டனான்தான். தம்பியை எவ்வளவு தூரத்தில இருந்து சுடுறாங்கள் எண்டு தெரியாமத்தான் கேட்டனான்." சேட்டில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டினார். "ஒளிக்கேல்ல அண்ணை, நிலத்தில கிடக்கேக்க நானும் ஒண்டு நினைச்சன். குருசுமுத்தர் சொல்லுறது சரிபோல, உங்களுக்குச் சும்மா குடுக்கேல்ல போல எண்டு. இவ்வளவு காலமும் அந்த மனுசனோட நான்தான் சண்டை பிடிச்சனான்."

"இப்ப என்ன நினைக்கிறாய்?"

"இப்ப ஒண்டும் நினைக்கேல்ல." காற்சட்டைப் பைக்குள் கையை விட்டு முதலில் போனை எடுத்தார். "இதை அவங்கள் வாங்கி வைச்சிருந்த நேரம் இரண்டு கோல் வந்திருக்கு. நம்பர் இல்லை. நீங்கள் எடுத்ததோ?"

அவர் அதைக் கேட்ட விதத்தில், ஓம் என்று சொல்லிவிடவேண்டும் போல யோசேப்புக்கு இருந்தது.

"நான் எடுத்தால் நம்பர் விழும் தவம்."

"ஓம். அதுதானே."

போனைப் பைக்குள் வைத்தார். மறுபடி கையை விட்டுத் திறப்பை எடுத்துச் சப்பாத்துத் தட்டின்மேல் வைத்தார்.

"பொலிசில இதைத் திருப்பித் தந்தவங்கள். உங்களிட்ட இருக்கட்டும்."

"செவ்வாய்க்கிழமை குருசுமுத்தரை ஓகுசு ஆஸ்பத்திரிக்குக் கண் காட்டக் கூட்டிக்கொண்டு போகவேணும். திங்கள் வானை விட்டிருவாங்கள்."

"பாப்பம் அண்ணை."

திங்களன்று வானை விட்டார்கள். செவ்வாய்க்கிழமை போர் முடிந்துவிட்டது என்று கொழும்பில் அறிவித்தார்கள். யோசேப் லீவு போட்டிருந்தார். வானைத் திருப்பி, முன் சீற்றை எவ்வளவு பின்னுக்குத் தள்ள முடியுமோ அவ்வளவு தள்ளி, தெருவோரம் நிறுத்திவிட்டு உள்ளே இருந்தார். கொளுக்கியில் இரண்டு திறப்புகளும் தொங்கின. போன் வரவில்லை.

பத்து மணிபோல் தவராஜாவின் ஓப்பல் தெருவால் போனது. பின் சீற்றில் குருசுமுத்தர் குறுக்காக இருந்தார். மடங்காத காலைச் சீற்றின் நீளத்துக்கு நீட்டி, முதுகைக் கதவில் சாய்த்து, இரண்டு கையாலும் முன் சீற்றைப் பிடித்துக்கொண்டிருந்தார். வானைக் கடக்கும்போது கார் வேகத்தைக் குறைக்கவில்லை.